ஒரு வருஷத்துக்கு நாலு பெயர்

விருத்தாசலத்து அச்சகத்தில் அச்சுக் கோக்கும் வேலைக்கு நான் சேர்ந்த அன்று, முதலாளி என் பிறந்த வருஷத்தைக் கேட்டார். "முப்பத்தொம்பதுங்க" என்றேன். அவர் எழுதப் போகும்போது, மூலையில் மேஜைமேல் குனிந்திருந்த ஒரு பெண்மணி தலையைத் தூக்காமலே கேட்டார்.

"எந்தக் கணக்குல?"

எனக்கு ஒன்றும் புரியவில்லை. முதலாளி சிரித்துவிட்டார். "இங்கிலீஷ் கணக்குலதாம்மா. வேற எதுல சொல்லுவாரு?"

"சொல்லுவாங்க மொதலாளி. போன வாரம் ஒரு கர்ணம் வந்து, நெலவரிக் கணக்குப்படி இது பசலி ஆயிரத்து முந்நூத்தி எழுவத்திமூணுன்னு சொல்லிட்டு நின்னாரு. அவருக்கு வருஷம் ஜூலையில பொறக்குது. யாரு எங்கேருந்து எண்றாங்கன்னு தெரியாம வருஷத்தை எழுதக் கூடாது."

ஊரில் அவருக்குக் காலண்டரம்மா என்று பெயர். எங்கள் அச்சகம் தினசரி காலண்டர் போடும். ஒவ்வொரு தாளிலும் இங்கிலீஷ் தேதி, தமிழ் வருஷம், மாதம், நாள், ஹிஜ்ரி மாதம், நட்சத்திரம், ராகு காலம் எல்லாம் வரவேண்டும். அத்தனையையும் சேகரித்து, சரிபார்த்து, புரூஃபில் நீலப் பென்சிலால் டிக் போடுவது அவர் வேலை. பஞ்சாங்கம் இரண்டு வைத்திருப்பார். இரண்டும் ஒத்துப் போகாத இடத்தில் தானே கணக்குப் போடுவார். ஹிஜ்ரிக் கணக்குக்கு மாதம் ஒருமுறை பள்ளிவாசலுக்குப் போய், ஹஜ்ரத்திடம் வாசலில் நின்று கேட்டுவிட்டு வருவார். அப்படியும் திருப்தி இருக்காது. "பிறைய கண்ணால பாத்துட்டு அவங்க சொல்றாங்க. நான் பேப்பர்ல கணக்கு போட்டு சொல்றேன். ஒரு நாள் முன்ன பின்ன ஆச்சுன்னா அவங்க சொல்றதுதான் சரி" என்று சொல்லி, நோன்பு மாதத் தாள்களின் அடியில் 'பிறை தெரிவதைப் பொறுத்தது' என்று ஒரு வரி சேர்க்கவைத்தார்.

சூளைத் தெருவில் பிறந்தவர். பானையும் ஓடும் சுடுகிற குடும்பம். கல்யாணம் ஆகி ஸ்ரீமுஷ்ணம் போனவர் இரண்டு வருஷத்தில் திரும்பி வந்துவிட்டார். ஏன் என்று நானும் கேட்டதில்லை, அவரும் சொன்னதில்லை. அண்ணன் வீட்டில் பின்கட்டு அறை ஒன்று அவருடையது. முதலாளி பாய். பாய் அச்சகத்தில் சூளைத் தெருப் பெண் என்பதை அந்த நாளில் யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

நான் சேர்ந்த முதல் வருஷம் ஒரு தாளில் கிழமையை மாற்றிக் கோத்துவிட்டேன். எப்படியோ அது அவர் கண்ணிலும் தப்பி, காலண்டர் கடைகளுக்குப் போய்விட்டது. தெரிந்ததும் முதலாளி, "யாரும்மா பாக்கப் போறாங்க, ஒரு நாளுதானே?" என்றார். காலண்டரம்மா மறுநாள் குடையையும் நீலப் பென்சிலையும் எடுத்துக்கொண்டு, "தம்பி, நீயும் வா" என்று என்னை பஸ்ஸில் ஏற்றினார். வேப்பூர் ரோட்டோர ஓட்டல்கள், லாரி ஷெட்டுகள், திட்டக்குடி துணிக்கடைகள் என்று எங்கள் காலண்டர் தொங்கிய ஒவ்வொரு சுவராகப் போய், அந்த ஒரு தாளைத் தூக்கிக் கிழமையைத் திருத்தினோம். ஐந்து நாள் ஆனது. ஒரு ஓட்டல்காரர், "ஏம்மா, இது நாலு மாசம் கழிச்சு வர்ற தேதியாச்சே?" என்று கேட்டார். "அன்னிக்கு நான் இங்க வரமாட்டேன், அதான் இப்பவே வந்தேன்" என்றார்.

அந்த ஐந்து நாளில் அவர்மேல் எனக்கு வந்த மரியாதை, நாலைந்து வருஷம் கழித்து ஒரே நிமிஷத்தில் போயிற்று.

என் தங்கைக்கு வேப்பூரில் மாப்பிள்ளை பார்த்திருந்தோம். எல்லாம் பேசி முடித்து, பத்திரிகை அடிக்க மாப்பிள்ளையின் அப்பா எங்கள் அச்சகத்துக்கே வந்தார். முகூர்த்த நாளில் அவருக்கு ஒரு சின்னச் சந்தேகம். காலண்டரம்மா அங்கே இருப்பதைக் கேள்விப்பட்டு, கையிலிருந்த இரண்டு ஜாதகத்தையும் அவரிடம் நீட்டிவிட்டார். நான் அச்சுப் பெட்டிக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தேன். கை அப்படியே நின்றுவிட்டது. ஏனென்றால் தங்கைக்கு மூன்று வயதைக் குறைத்து, சித்திரபானு வருஷத்தை பார்த்திப வருஷம் என்று எங்கள் அப்பா மாற்றி எழுதிய ஜாதகம் அது. அது எனக்குத் தெரியும்.

அவர் ஒருமுறை பார்த்தார். விரல் மடக்கி எண்ணினார். பிறகு மிகச் சாதாரணமாகச் சொன்னார். "பொண்ணு ஜாதகத்துல பார்த்திப வருஷம், வியாழக்கிழமைன்னு போட்டிருக்குது. அந்த வருஷம் அந்தத் தேதி வியாழக்கிழமையா வராதுங்களே. மூணு வருஷம் முந்தின்னா சரியா இருக்கும்."

அது யாருடைய ஜாதகம் என்பது அவருக்குத் தெரியாது. தெரிந்த பிறகு என் பக்கத்தில் வந்து, "தம்பி, ஒன் தங்கச்சின்னு தெரியாம போச்சே" என்றார்.

"தெரிஞ்சிருந்தா என்னா பண்ணியிருப்பீங்க?"

"பாக்க மாட்டேன்னு திருப்பிக் குடுத்திருப்பேன்" என்றார். பொய் சொல்லியிருப்பேன் என்று அப்போதும் அவர் வாயில் வரவில்லை. கல்யாணம் நின்றது. ஏழெட்டு மாதம் நான் அவரோடு வேலை விஷயம் தவிர ஒரு வார்த்தை பேசவில்லை. தங்கைக்கு அடுத்த வருஷம் திட்டக்குடியில், வயதை வெளிப்படையாகச் சொல்லி, ஒரு வாத்தியாரோடு கல்யாணம் ஆனது. அதற்கும் பத்திரிகை நான்தான் கோத்தேன். அவர்தான் புரூஃப் பார்த்தார். அதற்குப் பிறகு பழையபடி பேச்சு வந்தது. ஆனால் அவர் பக்கத்தில் உட்காரும்போது உள்ளே ஒரு பயம் இருந்துகொண்டே இருந்தது. எந்தக் காகிதத்தை நீட்டினாலும் இந்த அம்மா உண்மையைச் சொல்லிவிடுவார் என்ற பயம்.

கல் கிடைத்தது எழுபத்து மூன்றாம் வருஷம், ஆவணி மாதம்.

சூளைத் தெருவுக்கும் பாய்மார்களைப் புதைக்கும் கபர்ஸ்தானுக்கும் நடுவில் ஒரு மேடு உண்டு. மேற்கு ஓரத்தில் சூளைக்காரர்கள் மண் எடுப்பார்கள். கிழக்கு ஓரத்தில் பழைய கபர்கள் இருந்தன. எது வரைக்கும் யாருடையது என்று ஒருவரும் கேட்காமலே காலம் போய்க்கொண்டிருந்தது. அந்த வருஷம் ஓட்டுக்குக் கிராக்கி அதிகமாகி, காலண்டரம்மாவின் அண்ணன் ஆட்களை வைத்துக் கொஞ்சம் உள்ளே தள்ளி வெட்டினார். கடப்பாரை ஒரு கல்லில் பட்டது. மேல் பக்கம் தமிழ் எழுத்து. "நம்ம பெரியவங்களுக்கு ராஜா குடுத்த மேடு!" என்று கத்திக்கொண்டு ஆட்கள் கல்லைப் புரட்டினார்கள். அடிப் பக்கத்தில் அரபி எழுத்து.

மேடு யாருக்கு, எதற்கு என்று எழுதியிருந்த வரிகளைக் கடப்பாரை சிதைத்திருந்தது. இரண்டு பக்கமும் தெளிவாக நின்றது வருஷம் மட்டும்தான். அதைக்கூட ஊரில் பெரும்பாலானவர்களால் படிக்க முடியவில்லை. ஒரு பக்கம் தமிழ் எண்கள், இன்னொரு பக்கம் அரபி எண்கள்.

எங்கள் கல்லின் முதுகில் அவர்கள் பிற்பாடு வெட்டினார்கள் என்று சூளைத் தெருக்காரர்கள் சொன்னார்கள். அதையே திருப்பி பாய்மார்கள் சொன்னார்கள். அரைகுறையாகப் படித்த யாரோ, அதில் பிரமாதீச வருஷம் என்று இருக்கிறதாம் என்று சொல்லிவிட்டார். அப்போது நடந்துகொண்டிருந்ததும் பிரமாதீச வருஷம்தான். "இந்த வருஷத்துப் பேரையே போட்டு நேத்து வெட்டிப் பொதச்சுட்டு, இன்னிக்கு எடுக்கறாங்க" என்று கடைத்தெருவில் பேச்சு கிளம்பியது. அதற்கு ஒருவன் கை ஓங்க, இன்னொருவன் தலை உடைய, ஒரு வாரத்தில் பாதிக் கடை மூடிவிட்டது. சூளைத் தெருப் பெண்கள் பாய் மளிகைக் கடைக்கு வருவதை நிறுத்தினார்கள். புதிதாகச் சுட்ட ஓடு ஒரு வண்டி, ரோட்டிலேயே தூளாகிக் கிடந்தது. மேட்டில் நாலு போலீஸ்காரர்கள் குடை பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார்கள்.

தாசில்தார் இரண்டு பக்கத்தையும் கூப்பிட்டு, யார் படித்துச் சொன்னால் ஏற்பீர்கள் என்று கேட்டார். வெளியூர் ஆளை ஒரு பக்கம் சொன்னால் மறுபக்கம் வேண்டாம் என்றது. கடைசியில் இரண்டு பக்கமும் ஒரே பெயரைச் சொன்னார்கள்: காலண்டரம்மா. நம் பெண் என்று சூளைத் தெருக்காரர்கள் நினைத்தார்கள். நம்மிடம் சம்பளம் வாங்குகிறவர் என்று பாய்மார்கள் நினைத்தார்கள்.

கல்லைப் படிக்கக் குறித்த நாளன்று காலையே அவருடைய அண்ணன் அச்சகத்துக்கு வந்துவிட்டார். உள்ளே வரவில்லை. வாசற்படியில் நின்றார்.

"ஒரு வார்த்தை போதும். நம்மது முந்தினதுன்னு சொல்லு. நீ சொன்னா தாசில்தார் எழுதிக்குவாரு."

"முந்தினதா இருந்தா சொல்றேண்ணே."

"இல்லாங்காட்டி?"

"இல்லாங்காட்டி இல்லன்னு சொல்றேன்."

"அந்த மேடு போனா சூளைக்கு மண்ணு எங்க இருக்குது? தெருவே எந்திரிச்சுப் போவணும். நெனச்சுப் பாத்தியா?"

"ராத்திரி பூரா அதான் நெனச்சேன்" என்றார் இவர். அண்ணன் என்னைப் பார்த்து, "நீயாவது எடுத்துச் சொல்லுப்பா" என்று சொல்லிவிட்டுப் போனார்.

மத்தியானம் முதலாளி தன் நாற்காலியை இழுத்து அவர் மேஜைக்கு எதிரே போட்டுக்கொண்டார். குரல் இறங்கியிருந்தது. "தெரியலன்னு சொல்லிடுங்கம்மா. அது பொய் கெடையாது. கல்லு செதஞ்சு கெடக்குது. எங்க அத்தா அங்கதான் படுத்திருக்காரு. நீங்க அவங்களுது முந்தினதுன்னு சொல்லிட்டா நான் எங்க போய் நிப்பேன்?"

"எண்ணு செதையல மொதலாளி. செதஞ்சது மத்ததுதான்."

அவரும் எழுந்து போனபின் நான் பக்கத்தில் போனேன். நானும் அதைத்தான் கேட்கப் போனேன் என்பதை மறைக்க விரும்பவில்லை. "அம்மா, ஒரே ஒரு தடவ. யாருக்காவது சாதகமா, இல்ல தெரியாதுன்னாவது சொல்லிடுங்க. ரெண்டு பக்கமும் ஒங்கள சும்மா விடமாட்டாங்க."

அவர் நீலப் பென்சிலைக் கீழே வைத்தார். "பயமாத்தான் இருக்குது தம்பி" என்றார். "ஆனா தப்பா சொல்லிட்டு வூட்டுக்குப் போயி நான் என்னா பண்றது? அதுக்கும் பயமா இருக்குது."

மூன்று மணிக்கு மேட்டுக்குப் போனோம். ஒரு பக்கம் சூளைத் தெரு முழுக்க நின்றது. எதிரே கடைத்தெரு பாய்மார்கள். நடுவில் கயிறு கட்டி, போலீஸ், தாசில்தார், ஒரு மேஜை. காலண்டரம்மா மண்ணில் உட்கார்ந்து, கல்லைத் தண்ணீர் ஊற்றிக் கழுவி, எழுத்துக் குழிகளில் சுண்ணாம்புப் பொடியைத் தடவினார். தமிழ்ப் பக்கத்தைத் தானே படித்துக்கொண்டார். கல்லைப் புரட்டச் சொல்லி ஹஜ்ரத்தை அழைத்தார். வயதான மனிதர், கண்ணாடியைக் கழற்றிவிட்டு, கல்லுக்குப் பக்கத்தில் முகத்தை வைத்துப் படித்தார். "ஷவ்வால், நோம்புக்கு அடுத்த மாசம். ஆயிரத்து எண்பத்து நாலு."

"ஆயிரத்து எண்பத்து நாலு!" என்று அந்தப் பக்கம் ஒரு குரல் எழுந்தது. "தொள்ளாயிரம் வருஷம் ஆச்சு! கேட்டுக்குங்க!"

"எங்களுது நாலாயிரத்து எழுநூறுடா!" என்று இந்தப் பக்கம் கூச்சல். தமிழ்ப் பக்கத்தைப் படித்தபோது காலண்டரம்மா வாய்க்குள் முணுமுணுத்ததை முன்வரிசையில் நின்ற யாரோ கேட்டுப் பின்னால் கடத்தியிருந்தார்கள். கயிறு முன்னால் வந்தது. போலீஸ்காரர்கள் தடியைக் குறுக்கே பிடித்தார்கள்.

அவர் நோட்டை மடியில் வைத்துக் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தார். ஒரு பக்கம் முடிந்து, அடித்துவிட்டு, மறுபடி முதலிலிருந்து போட்டார். மூன்றாவது முறையும் போட்டார். தாசில்தார், "சொல்லுங்கம்மா, எது முந்தினது?" என்றார்.

அவர் எழுந்து நின்றார். சத்தமாகப் பேசிப் பழக்கமில்லாத குரல் முதலில் உடைந்தது.

"முன்பக்கத்துல வருஷத்துக்கு மூணு பேரு போட்டிருக்குது. கலியுகம் நாலாயிரத்து எழுநூத்தி எழுவத்திநாலு. சகாப்தம் ஆயிரத்து ஐந்நூத்தித் தொண்ணூத்தஞ்சு. அப்பறம் பிரமாதீச வருஷம், தை மாசம். மூணும் வேற வேற எடத்துலேருந்து எண்ற கணக்கு. மூணும் ஒரே வருஷத்துலதான் வந்து நிக்குது. பிரமாதீச அறுவது வருஷத்துக்கு ஒருக்கா வரும். இது இந்த வருஷத்துப் பிரமாதீச இல்ல, அஞ்சு சுத்துக்கு முந்தினது. முந்நூறு வருஷம்."

சூளைத் தெருப் பக்கம் ஆரவாரம் கிளம்பியது. அண்ணன் கையை உயர்த்தினார். இவர் கையமர்த்தினார்.

"பின்பக்கத்துல ஹிஜ்ரி. அது நபி மதீனாவுக்குப் போன வருஷத்துலேருந்து எண்றது. அந்த வருஷம் நம்ம வருஷத்தைவிட பதினோரு நாள் கொறச்சல். அதனால ரெண்டு எண்ண எடுத்து நேரா கழிச்சா தப்பா வரும். மூணு தடவ போட்டுப் பாத்துட்டேன். ஹிஜ்ரி ஆயிரத்து எண்பத்திநாலு ஷவ்வாலும், இந்தப் பிரமாதீச தையும் ஒண்ணு. அந்த வருஷம் நோம்புப் பெருநாளும் பொங்கலும் ஒரு நாளு ரெண்டு நாளு வித்தியாசத்துல வந்திருக்குது. எதுவும் முந்தினது இல்லீங்க. எதுவும் பிந்தினதும் இல்ல. ஒரே வருஷம். ஒரே மாசம்."

தாசில்தார் பேனாவை வைத்துக்கொண்டு விழித்தார். "இங்கிலீஷ் வருஷம் சொல்லும்மா, எழுதணும்."

"ஆயிரத்து அறுநூத்தி எழுவத்திநாலு, ஜனவரிங்க. ஆனா அன்னிக்கு அந்த இங்கிலீஷ்காரங்க ஊர்லயே அத எழுவத்திமூணுன்னுதான் எழுதியிருப்பாங்க. அவங்களுக்கு அப்ப வருஷம் மார்ச்சுலதான் பொறக்கும்."

அந்த இடத்தில் அதைச் சொல்ல வேண்டிய அவசியமே இல்லை. ஆனால் சொல்லாமல் அவரால் இருக்க முடியாது.

யாருக்கும் அவர் எதையும் கொடுக்கவில்லை என்பது கூட்டத்துக்கு உறைக்கக் கொஞ்ச நேரம் ஆனது. "பாய் சம்பளம் பேசுது!" என்றது ஒரு பக்கம். "சூளைத் தெருப் புத்தி!" என்றது மறுபக்கம். அண்ணன் கயிற்றைத் தாண்டி வந்து, முகத்துக்கு நேரே நின்று, "நீ எங்க ரத்தமே இல்ல" என்றார். அதே நேரம் எங்கிருந்தோ ஒரு காய்ந்த மண்கட்டி பறந்து வந்து காலண்டரம்மாவின் நெற்றியில் பட்டது. கண்ணாடி கீழே விழுந்தது. புருவத்துக்கு மேலே ரத்தம் வழிந்தது. எந்தப் பக்கத்திலிருந்து எறிந்தார்கள் என்பது இன்றுவரை தெரியாது.

நான் ஓடுவதற்குள் ஹஜ்ரத் தன் தோள் துண்டை எடுத்து அவர் நெற்றியில் அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தார். அப்படிப் பிடித்தபடியே கூட்டத்தைப் பார்த்துக் கேட்டார். "ஒரே மாசத்துல ஒரு கல்லுக்கு ரெண்டு பக்கமும் எழுதணும்னா, எழுதினவங்க ரெண்டு பேரும் பக்கத்துல பக்கத்துலதானே உக்காந்திருக்கணும்? அவங்களுக்குள்ள சண்ட இருந்திருக்குமா?"

கூட்டம் உடனே கலைந்துவிடவில்லை. முனகிக்கொண்டும் முறைத்துக்கொண்டும் நின்றது. பிறகு, பின்னால் இருந்தவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பி நடந்தார்கள்.

மேற்கே மண், கிழக்கே கபர், முன்பு போலவே இருக்கட்டும் என்று தாசில்தார் எழுதிவிட்டுப் போனார். இரண்டு பக்கத்துக்கும் மனக்குறை. ஆனால் பத்து நாளில் கடைகள் திறந்துவிட்டன.

காலண்டரம்மாவுக்குத்தான் வீடு திறக்கவில்லை. கல்லைப் படித்த அன்று சாயங்காலமே அவருடைய டிரங்குப் பெட்டியும் இரண்டு பஞ்சாங்கங்களும் சூளைத் தெருவில் வெளியே கிடந்தன. ஜங்ஷனுக்குப் பின்னால் ஒரு அறை பிடித்துக் கொடுத்தேன். மறுநாள் நெற்றிக் கட்டோடு வேலைக்கு வந்தார். முதலாளி அவரைப் பார்க்காமல் சுவரைப் பார்த்துக்கொண்டு சொன்னார். "நாளையிலேருந்து ஒங்கள வர வாணாம்னு சொல்லச் சொல்லி எங்க ஆளுங்க சொன்னாங்கம்மா. நான் சொல்லிட்டேன். நீங்க எப்பவும்போல வந்துடுங்க."

அதற்குப் பிறகு ஒரு வருஷத்துக்கும் மேலாக அண்ணனும் தங்கையும் பேசவில்லை. கடைத்தெருவில் எதிரே வந்தால் அண்ணன் மறுபக்கம் போய்விடுவார். இவர் மட்டும் நின்று, அவர் போய் மறையும் வரை பார்த்துவிட்டு நடப்பார்.

ஆனந்த வருஷம் ஐப்பசியில், அடுத்த வருஷக் காலண்டருக்கான கடைசித் தாள்கள் ஓடிக்கொண்டிருந்தன. மத்தியானம் வாசலில் நிழல் விழுந்தது. அண்ணன் நின்றிருந்தார். இளைத்திருந்தார். உள்ளே வராமல், யாரையும் பார்க்காமல் கேட்டார்.

"அம்மா திதி இந்த வருஷம் என்னிக்கு வருது?"

இவர் தலையைத் தூக்கவில்லை. "கார்த்திக, தேய்பிறை பஞ்சமி. புதன்கெழம."

"போன வருஷம் சஷ்டியில பண்ணிட்டேன். யாரும் சரியா சொல்லல."

ஒரு நாள் தவறு என்றால் ஐந்து நாள் பஸ் ஏறித் திருத்துகிறவர் இப்போது என்ன சொல்வாரோ என்று நான் அச்சுப் பெட்டிமேல் கையை வைத்தபடி நின்றேன்.

"ஒரு நாளுதானேண்ணே" என்றார் அவர். "அம்மா ஒண்ணும் நெனச்சுக்காது."

அண்ணன் வாசற்படியைக் காலால் தேய்த்துக்கொண்டு நின்றார். "வரதுன்னா வா. காலையிலயே வந்துடு" என்று சொல்லிவிட்டு விறுவிறுவென்று போய்விட்டார்.

காலண்டரம்மா எதிரே இருந்த புரூஃபை இழுத்து, பார்த்து, டிக் போட்டு, என்னிடம் நீட்டினார். நான் வாங்கிக்கொண்டு மெஷின் பக்கம் போனேன். அச்சேற்றுவதற்கு முன்னால் ஒருமுறை பார்த்தேன். அடுத்தடுத்த இரண்டு தாளிலும் புதன்கிழமை என்று இருந்தது. இரண்டுக்கும் பக்கத்தில் நீலப் பென்சில் டிக்.

அந்த முதல் வருஷத்துக்குப் பிறகு அவர் டிக் போட்ட தாளில் நான் பார்த்த ஒரே தவறு அது. இரண்டாவது புதனை எடுத்துவிட்டு வியாழன் என்று கோத்தேன். அவரிடம் சொல்லவில்லை.